கோட்டுக்கு 76 துடிப்பு

அட்டாரி 2600 என்ற விளையாட்டுப் பெட்டி 1977இல் அமெரிக்கச் சந்தைக்கு வந்தபோது அதற்குள் இருந்த நினைவகம் 128 பைட். தமிழில் ஒரு சிறிய பத்தியைச் சேமிக்கக்கூட இது போதாது. அந்தப் பெட்டி டிவியில் காட்டிய படமோ குறுக்கே 160 புள்ளி, நெடுக்கே வழக்கமாக 192 கோடு. புள்ளிக்கு ஒரே ஒரு பிட் என்று கஞ்சத்தனமாகக் கணக்குப் போட்டாலும் அந்தப் படத்தைச் சேமிக்க 3,840 பைட் வேண்டும், அதாவது இருப்பதைப் போல 30 மடங்கு. நினைவகச் சிப்புகள் விலை உயர்ந்திருந்த காலம் அது. ஆகவே படத்தைச் சேமிப்பதே இல்லை என்று வடிவமைத்தவர்கள் முடிவு செய்தார்கள். ஜே மைனர் முன்னின்று உருவாக்கிய டிஐஏ என்ற படச் சிப்புக்குத் தெரிந்ததெல்லாம் இப்போது வரையப்படும் ஒரு கோடு மட்டும்தான். அடுத்த கோட்டில் என்ன வர வேண்டும் என்பதை, எலக்ட்ரான் கற்றை படக்குழாயின் மேல் ஓடிக்கொண்டிருக்கும்போதே, நிரல் சொல்லியாக வேண்டும். சொல்லத் தாமதமானால் படம் தப்பாகிவிடும்.

பழைய கணினிகளிலும் விளையாட்டுப் பெட்டிகளிலும் அசெம்பிளி மொழி கற்பவர்கள் இன்று உலகெங்கும் இருக்கிறார்கள். ஏன் கற்க வேண்டும் என்று கேட்டால் வழக்கமாக வரும் பதில், ‘கணினி உள்ளே எப்படி இயங்குகிறது என்று தெரியும்’ என்பது. இந்தப் பதிலில் தவறில்லை, ஆனால் பாதிதான் இருக்கிறது. ரெஜிஸ்டர், முகவரி, அடுக்கு, தாவல் கட்டளை ஆகியவற்றை எந்தப் பிராசசரிலும் கற்கலாம், ஒரு நல்ல பாடப்புத்தகத்திலேயே கூடக் கற்கலாம். பழைய இயந்திரங்கள் மட்டுமே இத்தனை தெளிவாகச் சொல்லித்தருவது வேறொன்று: ஒவ்வொரு கட்டளைக்கும் நேரம் ஆகிறது, அந்த நேரம் நிரலின் பொருளில் ஒரு பகுதி. இன்றைய நிரல்மொழிகள் எல்லாவற்றையும் சொல்ல இடம் தருகின்றன, இதைச் சொல்ல மட்டும் இடம் தருவதில்லை. பைத்தானிலோ ஜாவாவிலோ எழுதிய ஒரு வரியைப் பார்த்து, அது ஓட எவ்வளவு நேரம் ஆகும் என்று சொல்ல வழியில்லை. அதைக் கேட்கவே கூடாது என்பதுதான் அந்த மொழிகளின் அடிப்படை ஏற்பாடு.

அட்டாரி பெட்டிக்குள் இருந்த பிராசசர் 6507. சக் பெடில் தலைமையிலான குழு 1975இல் வெளியிட்ட 6502 சிப்பின் மலிவுப் பதிப்பு அது. போட்டிச் சிப்புகள் நூறு டாலருக்கு மேல் விற்ற நேரத்தில் 6502 இருபத்தைந்து டாலருக்குக் கிடைத்தது. ஆப்பிள் II, கமோடோர் 64, பிபிசி மைக்ரோ, நின்டெண்டோவின் ஃபாமிகாம் எல்லாவற்றிலும் இதே குடும்பத்துச் சிப்புதான் ஓடியது. தொண்ணூறுகளில் நம் ஊர்க் கடைகளில் ‘டிவி கேம்’ என்று விற்ற, மஞ்சள் கேசட் செருகும் பெட்டிகள் பெரும்பாலும் ஃபாமிகாமின் நகல்கள். ஆகவே தமிழ்நாட்டு வீடுகளிலும் அசல் பெயர் தெரியாமலே இந்தச் சிப்பின் வாரிசுகள் வந்து போயிருக்கின்றன. 6502இல் மொத்தம் 56 வகைக் கட்டளைகள். கணக்குச் செய்ய ஒரு ரெஜிஸ்டர், எண்ணிக்கைக்கும் முகவரிக்கும் இரண்டு. ஒவ்வொரு கட்டளைக்கும் எத்தனை துடிப்பு (பொறியாளர்கள் கிளாக் சைக்கிள் என்பார்கள்) ஆகும் என்று ஒரு சிறிய அட்டவணையில் அச்சிட்டிருப்பார்கள். ஓர் எண்ணை நேரடியாக ஏற்ற 2, நினைவகத்தின் முதல் 256 பைட்டுக்குள்ளிருந்து ஏற்ற 3, மற்ற இடங்களிலிருந்து ஏற்ற 4. அட்டவணை சொல்வது சராசரி அல்ல, உத்தேசமும் அல்ல. சொன்னால் சொன்னதுதான்.

அமெரிக்க டிவியின் ஒரு கோட்டை வரைய டிஐஏ 228 வண்ணத் துடிப்புகளை எடுத்துக்கொள்கிறது. அதில் 68, கற்றை திரையின் இடது ஓரத்துக்குத் திரும்பிவர. மிச்சம் 160தான் கண்ணுக்குத் தெரியும் புள்ளிகள். பிராசசர் அந்த வேகத்தில் மூன்றில் ஒரு பங்கில் ஓடுகிறது. ஆகவே ஒரு கோட்டுக்கு அதற்குக் கிடைப்பது 76 துடிப்பு. டிஐஏவின் ஒரு ரெஜிஸ்டரில் ஓர் எண்ணை எழுத 3 துடிப்பு ஆகும். அதற்குள் கற்றை ஒன்பது புள்ளிகளைக் கடந்துவிடும். இந்த ஒரு கணக்கை மனதில் வாங்கிக்கொண்டவருக்கு நிரலும் படமும் தனித்தனி விஷயங்களாக இருப்பதில்லை. கட்டளைப் பட்டியலில் மேலிருந்து கீழே போவதும் திரையில் இடமிருந்து வலமாகப் போவதும் ஒன்றாகிவிடுகின்றன.

இது எவ்வளவு தூரம் போகும் என்பதற்கு, ஓர் உருவத்தைத் திரையில் நிறுத்தும் வேலையைப் பார்க்கலாம். வேறு பல கணினிகளில் ‘இந்த உருவம் இடமிருந்து 97ஆம் புள்ளியில்’ என்று ஓர் எண்ணை எழுதினால் போதும். அட்டாரியில் அப்படி எண் எழுத இடமே கிடையாது. உருவம் எங்கே நிற்க வேண்டுமோ அந்த இடத்தைக் கற்றை கடக்கும் கணத்தில் ஒரு ரெஜிஸ்டரைத் தொட வேண்டும். என்ன எண்ணை எழுதுகிறோம் என்பது பொருட்டே அல்ல, எப்போது எழுதுகிறோம் என்பதுதான் சங்கதி. அப்படியானால் 97 என்ற எண்ணை எப்படி நேரமாக மாற்றுவது? நிரலர்கள் கண்ட வழி அபாரமானது. எண்ணிலிருந்து 15ஐக் கழி, கடன் வாங்க நேராத வரை திரும்பப் போய் மறுபடி கழி. கழித்தலுக்கு 2 துடிப்பு, திரும்பித் தாவ 3, ஆகச் சுற்றுக்கு 5. ஐந்து துடிப்பு என்றால் பதினைந்து புள்ளி. பதினைந்தைக் கழிக்க ஆகும் நேரத்தில் கற்றையும் பதினைந்து புள்ளி நகர்ந்துவிடுகிறது! மரக்காலால் நெல் அளப்பவர் எத்தனை மரக்கால் என்று எண்ணிக்கொள்ளாமல், அளந்து முடிக்க ஆன நேரத்தையே விடையாகக் கொள்வது போன்ற வகுத்தல் இது. ஈவு எந்த ரெஜிஸ்டரிலும் இல்லை, கழிந்த நேரத்தில் இருக்கிறது. சுற்று முடிந்ததும் ரெஜிஸ்டரைத் தொட்டால் உருவம் ஏறத்தாழ உரிய இடத்தில் நின்றுவிடும். கையில் மிஞ்சிய மீதியைக் கொண்டு, இடப்புறமோ வலப்புறமோ சில புள்ளிகள் நகர்த்தும் இன்னொரு வசதியால் துல்லியமாக்கிக்கொள்ளலாம்.

இதில் ஒரு கண்ணியும் உண்டு. 6502இல் ஒரு தாவல் 256 பைட் கொண்ட பக்கத்தின் எல்லையைத் தாண்டினால் ஒரு துடிப்பு கூடுதலாகும். மேலே சொன்ன கழித்தல் சுற்று தற்செயலாக அந்த எல்லையின் மேல் அமர்ந்துவிட்டால் சுற்றுக்கு 6 துடிப்பு, 18 புள்ளி. நிரலில் ஓர் எழுத்துக்கூட மாறவில்லை, விடை எண்கள் எல்லாம் சரி, ஆனால் உருவம் தப்பான இடத்தில் நிற்கும். நிரல் சரியா என்ற கேள்விக்கு, அது எந்த முகவரியில் வைக்கப்பட்டிருக்கிறது என்பதும் பதிலின் ஒரு பகுதி என்று இங்கேதான் தெரியவரும்.

தமிழ்நாட்டில் மின்னணுவியலோ கணினிப் பொறியியலோ படித்தவர்களுக்கு அசெம்பிளி என்றதும் நினைவுக்கு வருவது மைக்ரோபிராசசர் லேபும் 8085 கிட்டும். ஆப்கோடு தாளைப் பார்த்துக் கட்டளைகளைப் பதினாறடிமான எண்களாக மாற்றி, சிறிய விசைப்பலகையில் ஒவ்வொன்றாகத் தட்டி, ஏழு துண்டு விளக்கில் விடையைப் பார்க்கும் பயிற்சி. அங்கும் துடிப்பு எண்ணுவது பாடத்தில் உண்டு. டிலே சுற்று எழுதும்போது டி-ஸ்டேட் கணக்குப் போடச் சொல்வார்கள், தேர்வில் மதிப்பெண்ணும் உண்டு. ஆனால் கணக்கு கொஞ்சம் பிசகினால் என்ன ஆகும்? கிட்டோடு இணைத்த போக்குவரத்து விளக்கு மாதிரியுரு கொஞ்சம் முன்னதாகவோ பின்னதாகவோ மாறும், யாரும் கவனிக்க மாட்டார்கள். இரண்டு எண்களைக் கூட்டும் நிரல் மெதுவாக ஓடினாலும் விளக்கில் வருவது அதே விடைதான். அதனால் அந்த லேபில் நேரம் ஒரு தேர்வுக் கேள்வியாகவே நின்றுவிடுகிறது. குறை 8085இடம் இல்லை, அதுவும் 6502க்குச் சளைக்காத சிப்புதான். பிழை கண்ணுக்குத் தெரியும் ஏற்பாடு அந்தக் கிட்டில் இல்லை. மூன்று துடிப்பு பிசகியது ஒன்பது புள்ளி அகலக் கறையாகத் திரையில் தெரியும் இடத்தில் கற்பது வேறு விதமாக மனதில் தங்கும்.

இதற்கு வரக்கூடிய முதல் மறுப்பு, இன்று அசெம்பிளியை யார் எழுதுகிறார்கள், கம்பைலர் மனிதரைவிட நன்றாக எழுதுகிறதே என்பது. பெரும்பாலான நிரல்களுக்கு இது முழு உண்மை. விதிவிலக்குகள் இருக்கின்றன. வீடியோவை விரித்துக் காட்டும் எஃப்எஃப்எம்பெக், டேவ்1டி போன்ற நிரல்களின் மையப்பகுதிகள் இன்றும் கையால் எழுதிய அசெம்பிளிதான். ஆனால் விதிவிலக்கைக் காட்டி வாதத்தை வெல்ல வேண்டியதில்லை. கம்பைலர் நமக்காகப் பார்த்துக்கொள்வது வேகத்தை. ஒரு வேலையை எவ்வளவு சீக்கிரம் முடிக்கலாம் என்பதில் அது கெட்டி. சரியாக இவ்வளவு நேரத்தில் முடி, எந்த வழியாகப் போனாலும் அதே நேரத்தில் முடி என்பது அதனிடம் கேட்க முடியாத கேள்வி. அட்டாரி நிரலர் இதைத்தான் நாள் முழுக்கக் கேட்டுக்கொண்டிருந்தார். 6502இல் நிபந்தனைத் தாவல் நிகழ்ந்தால் 3 துடிப்பு, நிகழாவிட்டால் 2. எதிரி இந்தக் கோட்டில் இருந்தால் ஒரு வழி, இல்லாவிட்டால் மறு வழி என்று நிரல் பிரிந்தால், இரண்டு வழியும் ஒரே துடிப்பில் வந்து சேரும்படி வெற்றுக் கட்டளைகளைச் செருகிச் சமப்படுத்த வேண்டும். இல்லாவிட்டால் எதிரி வரும்போதெல்லாம் படம் நடுங்கும்.

விளையாட்டுக்காகச் செய்த அந்த வித்தை பின்னர் மிகத் தீவிரமான இடத்தில் தேவைப்பட்டது. 1996இல் பால் கோச்சர் என்ற அமெரிக்கக் குறியாக்க நிபுணர், ஆர்எஸ்ஏ போன்ற முறைகளில் கணக்கீட்டுக்கு ஆகும் நேரத்தை மட்டும் அளந்தே ரகசியச் சாவியைக் கண்டுபிடிக்கலாம் என்று காட்டினார். சாவியின் ஒரு பிட் 1 என்றால் கூடுதலாக ஒரு பெருக்கல், 0 என்றால் இல்லை. அந்த வித்தியாசம் வெளியில் நேரமாகக் கசிகிறது. அன்றிலிருந்து குறியாக்க நிரல்களை எழுதுபவர்கள், ரகசியத்தைச் சார்ந்து எந்தக் கிளையும் பிரியாதபடி, எந்த உள்ளீட்டுக்கும் ஒரே நேரம் ஆகும்படி எழுதுவதை விதியாகக் கொண்டிருக்கிறார்கள். கம்பைலர் இங்கே உதவுவதற்குப் பதில் சிலசமயம் கெடுக்கிறது. சமப்படுத்துவதற்காக எழுதிய வீண் வேலையை, வீண்தானே என்று அது நீக்கிவிடலாம். அதனால் அந்தப் பகுதிகளை அசெம்பிளியில் எழுதுவதும், கம்பைலர் தந்த அசெம்பிளியைப் படித்துச் சரிபார்ப்பதும் வழக்கம்.

இரண்டாவது மறுப்பு இதைவிட வலுவானது. ஒரு கட்டளைக்கு இத்தனை துடிப்பு என்ற நிச்சயமே இன்றைய பிராசசரில் இல்லை. அது பல கட்டளைகளை ஒரே நேரத்தில் நடத்துகிறது, வரிசையை மாற்றுகிறது, தாவல் நிகழுமா என்று முன்கூட்டியே ஊகித்து அந்த வழியில் ஓடிவிடுகிறது. நினைவகத்திலிருந்து ஓர் எண் வர நான்கு துடிப்பும் ஆகலாம், சில நூறும் ஆகலாம். 6502இல் பழகியவர் அட்டவணையை வைத்துக்கொண்டு இதைக் கணிக்கப் பார்த்தால் ஏமாறுவார். அப்படியானால் இல்லாத ஓர் உலகத்தின் விதிகளைக் கற்றுத்தருவது நல்ல கல்வியா?

ஏமாறுவார் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஆனால் அட்டவணை மாறிவிட்டதே தவிர, நேரம் எங்கே போகிறது என்ற கேள்வி மாறவில்லை. 6502 காலத்தில் நினைவகமும் பிராசசரும் ஏறத்தாழ ஒரே வேகத்தில் நடந்தன. பிராசசர் ஓடத் தொடங்கி நினைவகம் பின்தங்கியதால்தான் கேஷ் என்ற இடைச்சேமிப்பு வந்தது. பின்தங்குவதற்கு முந்தைய நிலையைத் தெரிந்தவருக்குக் கேஷ் ஒரு குறிப்பிட்ட சிக்கலுக்கான பதில் என்று தெரியும். மற்றவர்களுக்கு அது பட்டியலில் இன்னொரு சொல். அதோடு, பழைய இயந்திரங்களும் சொல்லப்படுவது போல அத்தனை எளிமையானவை அல்ல. 1982இல் வந்த கமோடோர் 64இல் படச் சிப்பும் பிராசசரும் ஒரே நினைவகத்தைப் பங்குபோட்டுக்கொண்டன. ஐரோப்பியப் பதிப்பில் கோட்டுக்கு 63 துடிப்பு. எழுத்துகளைக் காட்டும்போது ஒவ்வோர் எட்டாவது கோட்டிலும் படச் சிப்பு 40க்கு மேல் பிடுங்கிக்கொள்ள, பிராசசருக்கு மிஞ்சுவது இருபது சொச்சம். செல்பேசியில் வரைகலைப் பகுதியும் பிராசசரும் ஒரே நினைவகத்துக்கு முட்டிமோதுவது இதே சிக்கல்தான். முதல் 256 பைட்டை எட்டினால் 3 துடிப்பு, தூரத்தை எட்டினால் 4 என்பதும், பக்க எல்லையில் அமர்ந்த சுற்று மெதுவாவதும், இன்று பேருருவில் திரும்பி வந்திருப்பவைதான். 2018 ஜனவரியில் வெளிவந்த ஸ்பெக்டர், மெல்ட்டவுன் குறைகளை நினைத்துப் பாருங்கள். பிராசசர் ஊகித்து ஓடிய தடத்தை, எந்த எண் கேஷில் சீக்கிரம் கிடைக்கிறது என்று நேரத்தை அளந்தே படித்துவிடலாம் என்பதுதான் அவற்றின் சாரம்.

பழைய இயந்திரத்தோடு பழகியவர்களின் உள்ளுணர்வு புதிய இயந்திரங்களை உருவாக்கவும் பயன்பட்டிருக்கிறது. பிபிசி மைக்ரோவை உருவாக்கிய ஏக்கார்ன் நிறுவனத்தின் சோஃபி வில்சனும் ஸ்டீவ் ஃபர்பரும் அடுத்த கணினிக்குப் பிராசசர் தேடியபோது, சந்தையில் இருந்த 16 பிட் சிப்புகள் நினைவகத்தின் வேகத்தை முழுதாகப் பயன்படுத்தவில்லை என்று கண்டார்கள். 6502இல் துடிப்பு எண்ணிப் பழகியவர்களுக்கு அந்த வீண் உறுத்தியது. தாங்களே ஒன்றை வடிவமைத்தார்கள். அதுதான் ஆர்ம். முதல் சிப்பு 1985 ஏப்ரலில் ஓடியது. இன்று ஏறக்குறைய எல்லாச் செல்பேசிகளிலும் இருப்பது அதன் வழித்தோன்றல். (எண்பதுகளில் இந்திய அரசு பள்ளிகளுக்குக் கணினி கொண்டுவந்த ‘கிளாஸ்’ திட்டத்தில் வந்ததும் பிபிசி மைக்ரோதான். அதன் பேசிக் மொழிக்குள்ளேயே ஓர் அசெம்பிளர் இருந்தது. அந்தக் கதவை எத்தனை பள்ளிகள் திறந்து பார்த்திருக்கும் என்பது வேறு கதை.)

நிச்சயமான நேரம் அடியோடு மறைந்துவிட்டது என்பதும் சரியல்ல. மோட்டாரை ஓட்டும், உணரியைப் படிக்கும் சிறு கட்டுப்பாட்டுச் சிப்புகளில் அது இன்னும் வாழ்கிறது. 2021இல் ராஸ்பெர்ரி பை அமைப்பு வெளியிட்ட பிக்கோ பலகையில் பிஐஓ என்று ஒரு பகுதி உண்டு. மொத்தம் ஒன்பது வகைக் கட்டளைகள், 32 கட்டளைக்கே இடம், ஒவ்வொன்றும் இயல்பாக ஒரே ஒரு துடிப்பு. வெளியிலிருந்து வரும் மின்குறியோடு துல்லியமாக ஒத்துப்போக அதுவே வழி என்று வடிவமைத்தவர்கள் புதிதாகச் செய்தது. அதை வைத்து ஆர்வலர்கள் முதலில் செய்த வேலைகளில் ஒன்று டிவிக்கும் திரைக்கும் படம் அனுப்புவது.

அப்படியானால் நேராகப் பிக்கோவிலோ, ஆர்மிலோ, ரிஸ்க்-ஃபைவிலோ தொடங்கலாமே? தொடங்கலாம், கூடாது என்றில்லை. ஆனால் இன்றைய பிராசசர்கள் ஒருவர் தலைக்குள் அடங்குபவை அல்ல. உதாரணமாக, இன்டெல் பிராசசரின் கையேட்டுத் தொகுதிகள் சேர்ந்து ஏறத்தாழ 5,000 பக்கம். அதற்குமேல் இயங்குதளம் வேறு நடுவில் நிற்கும். அட்டாரி நிரலருக்கு நடுவில் யாரும் இல்லை. 6502இல் சுமார் 3,500 டிரான்சிஸ்டர்கள். சிப்பைப் படமெடுத்து, ஒவ்வொரு டிரான்சிஸ்டரும் எப்போது திறக்கிறது, மூடுகிறது என்று திரையில் காட்டும் விஷுவல் 6502 என்ற முயற்சி 2010இல் வந்தது. ஆயிரம் கோடி டிரான்சிஸ்டர்களைத் தாண்டிவிட்ட செல்பேசிச் சிப்புக்கு அப்படி ஒன்றை யாரும் கற்பனை செய்ய முடியாது. முழு இயந்திரமும் ஒருவர் தலைக்குள் அடங்கும் அளவில் இருப்பது கற்பவருக்குப் பெரிய சலுகை.

இதெல்லாம் பழைய நினைவில் தோய்ந்தவர்களின் ஆசை என்று சொல்பவர்களும் உண்டு. கொஞ்சம் உண்மைதான். ஆனால் ஒரு விஷயத்தின் மேல் ஆசை இருப்பதால் அது தரும் அறிவு பொய்யாகிவிடாது. சந்தேகப்படுபவர், டேவிட் கிரேன் 1982இல் செய்த ‘பிட்ஃபால்’ விளையாட்டைப் பார்க்கலாம். 4 கிலோபைட் கேசட்டுக்குள் 255 காட்சிகள். எந்தக் காட்சியும் சேமிக்கப்படவில்லை. ஒரே ஒரு பைட்டை ஒரு விதிப்படி நகர்த்தி அடுத்த காட்சியையும், அதையே தலைகீழாகச் செய்து முந்தைய காட்சியையும் பெறுகிறது நிரல். மின்னணுப் பாடத்தில் நகரும் பதிவேடு என்று கற்கும் அதே உத்தி, காட்டில் ஓடும் ஒரு மனிதனுக்காக.

எந்தப் பெட்டியில் தொடங்குவது என்பது எதற்காக என்பதைப் பொறுத்தது. ஒரு விளையாட்டை முடித்துக் காட்ட வேண்டும் என்பவருக்கு 1989இல் வந்த கேம் பாய் இதமானது. படச் சிப்பே பெரும்பாலான வேலையைப் பார்த்துக்கொள்ளும். நேரத்தைக் கற்க வேண்டும் என்பவருக்கு அட்டாரிதான். அசல் பெட்டி வேண்டியதில்லை. ஸ்டெல்லா என்ற இலவச எமுலேட்டரின் பிழைதேடும் பகுதி, இப்போது எந்தக் கோடு, அதில் எத்தனையாவது துடிப்பு என்று காட்டிக்கொண்டே இருக்கும். முதல் பயிற்சிக்கு மூன்று கட்டளை போதும்: எக்ஸ் ரெஜிஸ்டரைப் பின்னணி நிறத்தில் எழுது, அதில் ஒன்றைக் குறை, பூச்சியமாகாத வரை திரும்பப் போ. 3, 2, 3 ஆக 8 துடிப்பு, 24 புள்ளி. நிற எண்ணின் கடைசி பிட்டை டிஐஏ பொருட்படுத்தாது என்பதால் 48 புள்ளிக்கு ஒருமுறை நிறம் மாறும். 228ஐ 48 மீதியின்றி வகுக்காது. ஆகவே நிறங்களின் விளிம்பு கோட்டுக்குக் கோடு 12 புள்ளி வலப்புறம் சரிந்து, 27 கோடு உயரத்துக்கு ஒரு சாய்ந்த பட்டை தெரியும். இப்போது சுற்றுக்குள் பதினைந்து வெற்றுக் கட்டளைகளைச் சேருங்கள். ஒவ்வொன்றுக்கும் 2 துடிப்பு, சுற்று 38 ஆகிவிடும், இரண்டு சுற்று சரியாக ஒரு கோடு. சாய்வு போய் விளிம்பு நேராக நிற்கும். அந்தப் பதினைந்தில் ஒன்றை நீக்கினால் என்ன தெரியும் என்று, ஓட்டிப் பார்ப்பதற்கு முன்பே, தாளில் கணக்குப் போட்டுச் சொல்லிவிடலாம்.